மழையில் நின்றவர்

சில வருஷங்களுக்கு முன்பு ஒரு மலை ஊருக்குப் போயிருந்தேன். ஊரின் பெயர் இப்போது வேண்டாம். அங்கே எனக்கு ஒரு நண்பர் உண்டு. உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்ற இஞ்சினீயர். நல்ல மனிதர். என் நாவல்களைப் படித்துவிட்டுக் குறை சொல்லாமல் இருக்கக்கூடிய மிகச் சிலரில் ஒருவர்.

"சாயங்காலம் எங்கள் கிளப்புக்கு வாருங்கள், ஸார். கோல்ப் மைதானம் பார்த்திருக்க மாட்டீர்கள். அந்தப் பச்சையைப் பார்த்தால் நாலு கதை தானாக வரும்" என்றார்.

கதை தானாக வரும் என்று யாராவது சொன்னால் நான் எங்கே வேண்டுமானாலும் போய்விடுவேன். அன்றும் போனேன். வெளுத்த வேஷ்டி, கதர்ச் சட்டை, கழுத்தில் மப்ளர். வாசலில் மீசை வைத்த காவல்காரர் ஒருவர் கையை நீட்டி வழியை மறித்தார்.

"மன்னிச்சுக்கணும் ஸார். வேஷ்டி கட்டினவங்களை உள்ளே விடக் கூடாதுன்னு உத்தரவு."

நண்பர் உள்ளேயிருந்து ஓடி வந்தார். முகம் சிவந்துவிட்டது. காரியதரிசியைத் தேடினார். காரியதரிசி ஊரில் இல்லை. கடைசியில், தம் அறையில் ஒரு கால்சட்டை இருக்கிறது, அதைப் போட்டுக்கொண்டு வரலாமே என்று மெதுவாகச் சொன்னார். அவர் என்னைவிட ஒரு முழம் அகலம். கால்சட்டையை ஒரு கையால் பிடித்துக்கொண்டு மறு கையால் டீ குடிக்கும் காட்சியை நினைத்துப் பார்த்தேன். வேண்டாம் என்று சொல்லிவிட்டு, வெளியே மதகுச் சுவரின் மேல் உட்கார்ந்துகொண்டேன். கம்பி வேலிக்கு அப்பால் பச்சை தெரிந்தது. நண்பர் சொன்னது வாஸ்தவந்தான். மனசைக் குளிர வைக்கிற பச்சை.

சிறிது நேரம் கழித்துக் காவல்காரர் வந்து பக்கத்தில் நின்றார். "வீட்டுக்குப் போனா நானும் வேஷ்டிதான் ஸார்" என்றார். வேறு ஒன்றும் சொல்லவில்லை.

இது 2014க்கு முன் நடந்த சங்கதி. அந்த வருஷம் சென்னையில் ஹைகோர்ட் நீதிபதி ஒருவருக்கே இந்த மரியாதை கிடைத்து, சட்டசபையில் பேச்செழுந்து, வேஷ்டிக்காரர்களைத் தடுக்கக் கூடாது என்று தமிழ்நாட்டில் ஒரு சட்டமே வந்துவிட்டது. இப்போது நான் தாராளமாக உள்ளே போகலாம். ஆனால் இந்தக் கட்டுரை என் வேஷ்டியைப் பற்றியதல்ல. அன்று மதகுச் சுவரில் உட்கார்ந்தவனுக்கு, பிற்பாடு ஒரு பழைய புகைப்படத்தைப் பார்த்தபோது மனம் ஏன் அப்படிக் கலங்கிற்று என்று சொல்லவே இவ்வளவும்.

புகைப்படத்தில் ஓர் இந்தியர் மழையில் நிற்கிறார். அவருக்குப் பரிசுக் கோப்பை வழங்கப்படுகிறது. போட்டியில் ஜயித்தவர் அவர். இடம், தென் ஆப்பிரிக்காவில் டர்பன் கன்ட்ரி கிளப். வருஷம், 1963.

*

டர்பன் என்ற பெயரைக் கேட்டால் நமக்குத் தலைப்பாகைதான் ஞாபகம் வரும். அந்தப் பெயர் வந்தது ஒரு கவர்னரிடமிருந்து. தலைப்பாகைக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை. ஆனாலும் பாருங்கள், அந்த ஊரில் இந்தியர்களின் மானப் பிரச்னை தலைப்பாகையில்தான் ஆரம்பித்தது. 1893ல் இளம் பாரிஸ்டர் காந்தி அங்கே போய் இறங்கிய சில நாட்களில், கோர்ட்டில் தலைப்பாகையைக் கழற்றச் சொன்னார் மாஜிஸ்திரேட். காந்தி கழற்றவில்லை, எழுந்து வெளியே போய்விட்டார். அடுத்த வருஷம், எஜமானனிடம் அடிபட்டுப் பல் உடைந்து, கிழிந்த துணியும் ரத்தம் ஒழுகும் வாயுமாக அவரிடம் அழுதுகொண்டு வந்தான் ஒரு தமிழன். பாலசுந்தரம் என்று பெயர். தலைத்துணியைக் கையில் எடுத்து வைத்துக்கொண்டிருந்தான். வெள்ளைக்காரர் முன்னால் போகும்போது அப்படித்தான் எடுத்துக்கொள்ள வேண்டும் என்பது அங்கே பழக்கம். "முதலில் அதைத் தலையில் கட்டிக்கொள்" என்றாராம் காந்தி.

அந்தத் தமிழனை அங்கே கொண்டுபோய்ச் சேர்த்தது கரும்பு. 1860ஆம் வருஷம் நவம்பர் 16ஆம் தேதி 'ட்ரூரோ' என்ற கப்பல் சென்னைத் துறைமுகத்திலிருந்து முந்நூற்றுச் சொச்சம் பேரை ஏற்றிக்கொண்டு நேட்டால் கரையில் வந்து நின்றது. ஐந்து வருஷ ஒப்பந்தம். மாதம் பத்து ஷில்லிங் சம்பளம், அரிசி, தங்க இடம். 1911ல் இந்த ஏற்றுமதி நிற்கும்வரை ஒன்றரை லட்சத்துக்கும் மேலானவர்கள் போய்ச் சேர்ந்தார்கள். மூன்றில் இரண்டு பங்குப் பேர் சென்னை வழியாகப் போனவர்கள். தஞ்சை, ஆற்காடு, சேலம், தெலுங்கு ஜில்லாக்கள். மீதிப் பேர் கல்கத்தா வழியாக வந்த பீகாரிகள், ஐக்கிய மாகாணத்துக்காரர்கள். ஒப்பந்தம் முடிந்தவர்களில் பலர் திரும்பவில்லை. உம்கேனி நதிக் கரையில் காய்கறி பயிரிட்டார்கள். டர்பன் நகரசபை வேலைக்குப் போனார்கள். மாகசீன் பாரக்ஸ் என்ற நகரசபைக் குடியிருப்பில் பெரும்பாலும் தமிழும் தெலுங்கும்தான் ஒலிக்கும். உம்கேனி சாலையில் வைத்தியநாத ஈசுவரருக்குக் கோயிலும் கட்டிவிட்டார்கள். நம்மவர்கள் எங்கே போனாலும் முதலில் ஒரு கோயில், பிறகுதான் மற்றது.

வெள்ளைக்காரர்கள் எங்கே போனாலும் முதலில் ஒரு கிளப்.

டர்பனில் அவர்களுக்கு 1892லேயே ஒரு கோல்ப் சங்கம் இருந்தது. பின்னாளில் 'ராயல்' என்ற அடைமொழியைப் பெற்ற சங்கம் அது. மைதானம் கிரேவில் என்ற குதிரைப் பந்தய வட்டத்தின் நடுவில். தாழ்வான நிலம். 1919ல் தேசம் முழுவதற்குமான 'ஓப்பன்' போட்டியை அங்கே வைத்தபோது மழை வந்து மைதானத்தைக் குளமாக்கிவிட்டது. இப்படியே போனால் டர்பனுக்குப் பெரிய போட்டியே வராது என்ற கவலை ஊர்ப் பெரிய மனிதர்களைப் பிடித்துக்கொண்டது. தண்ணீர் தேங்காத இடமாகத் தேடிக்கொண்டு கடற்கரைப் பக்கம் போனார்கள். உம்கேனி நதி கடலில் கலக்கிற இடத்துக்குச் சற்றுத் தெற்கே, இந்து மகாசமுத்திரத்தை ஒட்டி, புதர் மண்டிய மணல் மேடுகள் கிடந்தன. எத்தனை மழை பெய்தாலும் மணல் குடித்துவிடும். அங்கேதான் 1922ல் டர்பன் கன்ட்ரி கிளப் பிறந்தது. மழைக்குப் பயந்து பிறந்த கிளப் என்று சொன்னால் தவறில்லை. மழை அதை விடவில்லை என்பதைப் பின்னால் பார்ப்போம்.

லாரி வாட்டர்ஸ், ஜார்ஜ் வாட்டர்மன் என்ற இருவர் மைதானத்தை அமைத்தார்கள். பெயரிலேயே இரண்டு தண்ணீர்! மணல் மேடுகளை வெட்டிச் சமப்படுத்தாமல், அவை கிடந்த கிடைப்பிலேயே புல்லை விரித்து விட்டார்கள். மேடு, பள்ளம், இருபுறமும் அடர்ந்த புதர், கடல் காற்று. 1924லேயே ஓப்பன் போட்டி அங்கே வந்துவிட்டது. அதன் பிறகு அந்தப் போட்டி அத்தனை தடவை வேறு எந்த மைதானத்துக்கும் போனதில்லை என்கிற அளவுக்கு இடம் பேர் வாங்கிற்று. கேப் பிரதேசத்து டச்சுக்காரர் பாணியில் வெள்ளைச் சுவரும் வளைந்த முகப்புமாகக் கிளப்பின் மாளிகை எழுந்தது.

இந்த ஆட்டத்தைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லிவிடுகிறேன். தெரிந்தவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். பதினெட்டுக் குழிகள். ஒவ்வொன்றிலும் பந்தை அடித்துத் தள்ள வேண்டும். யார் மிகக் குறைவான அடிகளில் காரியத்தை முடிக்கிறாரோ அவர் வெற்றி பெற்றவர். அதிகம் அடித்தவன் ஜயிக்கிற உலகத்தில் குறைவாக அடித்தவன் ஜயிக்கிற ஆட்டம் இது ஒன்றுதான் என்று என் நண்பர் பெருமையாகச் சொல்வார். எதிராளி உங்கள் பந்தைத் தொடுவதில்லை. கிரிக்கெட்டைப் போல அம்பயர் கையைத் தூக்கி அனுப்புவதும் இல்லை. எத்தனை அடி என்பதுதான் கணக்கு. மனிதன் யார் என்பது கணக்கில் வராது. டர்பன் கிளப்பின் பன்னிரண்டாவது குழி மிகச் சிறியது. ஆனால் மேட்டின் உச்சியில் இருக்கிறது. பந்து கொஞ்சம் பிசகினால் ஒரு பக்கம் உருண்டு விழும்; அங்கிருந்து அடித்தால் மறு பக்கம் போய் விழும். பிற்காலத்தில் எட்டாம் எட்வர்டாகி முடியைத் துறந்த வேல்ஸ் இளவரசர், தென் ஆப்பிரிக்காவுக்கு வந்தபோது அதில் இப்படியும் அப்படியுமாகப் பதினாறு அடி அடித்தார் என்று சொல்கிறார்கள். மூன்றடியில் முடிய வேண்டிய இடம். அந்தக் குழிக்கு இன்றும் வேல்ஸ் இளவரசர் என்றே பெயர். மணலுக்கு ராஜகுமாரன் என்றும் கூலிக்காரன் என்றும் பேதம் தெரியாது.

ஆனால் மாளிகைக்குத் தெரியும்.

*

பணக்காரர்கள் ஆடுகிற ஆட்டத்தில் பை தூக்க ஒரு பையன் வேண்டும். அவனைக் 'கேடி' என்பார்கள். நம் ஊரில் கேடி என்றால் போலீஸ் பட்டியலில் இருப்பவன். அங்கே கேடி என்றால் எஜமானுடைய கோல்களைச் சுமந்துகொண்டு, அவர் அடித்த பந்து எங்கே போய் விழுந்தது என்று புதரில் தேடி எடுத்து, அவர் பிசகாக அடித்தால் காற்றின் மேல் பழி போட்டு ஆறுதல் சொல்ல வேண்டியவன். டர்பனில் இந்த வேலையைச் செய்ய இந்தியப் பிள்ளைகளுக்குப் பஞ்சமில்லை. உம்கேனி நதியின் வடகரையில் ரிவர்சைடு என்ற இந்தியர் குடியிருப்பு. அருகில் பீச்வுட் என்று இன்னொரு கோல்ப் மைதானம். அங்கே பை தூக்கிய பையன்களில் ஒருவன் பாப்வா.

முழுப் பெயர் ஸியூசங்கர் ஸியூகோலம். சிவசங்கர்தான் அங்கே போய் அப்படி ஆகியிருக்கிறான். கப்பல் ரிஜிஸ்டர்களில் நம் பெயர்கள் பட்ட பாட்டைப் பார்த்தால் கண்ணீர் வரும். முனுசாமி மூன்சாமியானார், கவுண்டர் கவண்டர் ஆனார். பெயரைப் பார்த்தால் பாப்வாவின் வம்சம் வடக்கத்தியது என்று தெரிகிறது. தமிழர் அல்லர். ஆனால் அந்த ஊரில் அந்த வித்தியாசத்தை எந்த வெள்ளைக்காரனும் பாராட்டவில்லை. வாசலில் நிறுத்தும்போது எல்லாருமே கூலிகள்தாம்.

பையனுக்குப் பள்ளிக்கூடம் கிடையாது. கடைசிவரை எழுதப் படிக்கத் தெரியாது. பை சுமந்தபடியே ஆட்டத்தைக் கண்ணால் கற்றுக்கொண்டான். கோலைப் பிடிக்கச் சொல்லிக்கொடுக்க ஆள் இல்லாததால் தனக்கு வந்தபடி பிடித்தான். வலக்கைக்காரர்கள் கோலைப் பிடிக்கும்போது இடக்கை மேலே இருக்கும், வலக்கை கீழே இருக்கும். பாப்வாவுக்கு நேர்மாறு. இடக்கை கீழே, வலக்கை மேலே. எந்த வாத்தியாரும் பிரம்பை எடுத்துத் திருத்தியிருப்பார். வாத்தியார் இல்லாததால் அந்தப் பிடி தப்பித்தது. பிற்காலத்தில் அவர் பெயராலேயே அதை அழைத்தார்கள்.

சங்கீதத்தில் இப்படிச் சிலரைப் பார்த்திருக்கிறோம். பாடாந்தரம் இல்லை என்பார்கள் வித்வான்கள். ஆனால் அந்தக் குரல் எழும்பும்போது வித்வான்கள் வாயை மூடிக்கொண்டு கேட்பார்கள்.

வெள்ளையரல்லாதார் தங்களுக்குள்ளே நடத்திக்கொண்ட போட்டிகளில் பாப்வாவை ஜயிக்க ஆளில்லை. வெள்ளையர் போட்டிகளில் அவருக்கு இடமில்லை. 1948ல் நாட்டில் ஆட்சிக்கு வந்த தேசியக் கட்சி, அதுவரை வழக்கமாக இருந்த தீண்டாமையைச் சட்டமாக எழுதத் தொடங்கிற்று. 1950ல் குரூப் ஏரியாஸ் சட்டம். இன்ன இனத்தான் இன்ன பகுதியில்தான் வசிக்கலாம், நிலம் வைத்திருக்கலாம், கூடலாம். தேசப்படத்தில் கோடு போட்டுவிட்டார்கள். ரிவர்சைடிலும் மாகசீன் பாரக்ஸிலும் தலைமுறை தலைமுறையாக இருந்தவர்களை எழுப்பி ஊருக்கு வெளியே சாட்ஸ்வர்த் போன்ற இடங்களுக்கு அனுப்பினார்கள்.

பாப்வாவுக்கு வழி திறந்தவர் ஒரு வெள்ளைக்காரர். அதைச் சொல்லாமல் விட்டால் கதை பொய்யாகிவிடும். கிரஹாம் வுல்ப் என்ற ரசாயன நிபுணர். பெண்கள் முகத்தில் பூசிக்கொள்ளும் 'ஆயில் ஆப் ஓலே' தைலத்தை டர்பனில் கண்டுபிடித்தவர் அவர்தாம். நம் வீட்டு அலமாரிக் கண்ணாடிக்குக் கீழேகூட அந்தப் புட்டி இருக்கும். அவருடைய தொழிற்சாலையில் பாப்வாவுக்கு வேலை. முதலாளிக்கு கோல்ப் பித்து. தம் தொழிலாளியின் கையில் இருக்கும் வித்தை இந்த ஊரில் அழுகிப்போய்விடும் என்று கண்டுகொண்டு, 1959ல் அவரை ஐரோப்பாவுக்கு அழைத்துப் போனார்.

அந்தக் கோடையில் தென் ஆப்பிரிக்கர் இருவர் ஐரோப்பாவில் பேர் வாங்கினார்கள். ஒருவர் கேரி பிளேயர். ஸ்காத்லாந்தில் மியூர்பீல்டு மைதானத்தில் பிரிட்டிஷ் ஓப்பன் பட்டத்தை ஜயித்தார். உலகப் புகழ் அவரைத் தூக்கிக்கொண்டு போயிற்று. மற்றவர் எழுத்தறியாத பாப்வா. ஹாலந்து தேசத்து டச்சு ஓப்பன் பட்டத்தை வென்றார். அடுத்த வருஷமும் வென்றார். 1964ல் மூன்றாவது தடவையும் வென்றார். ஒரு தடவை ஜயித்தால் அதிர்ஷ்டம் என்று சொல்லலாம். மூன்று தடவை ஜயித்தவனை என்ன செய்வது?

ஹாலந்தில் கிளப்புக்குள் நுழைந்து பரிசு வாங்கியவர், டர்பனுக்குத் திரும்பி வந்தால் பை தூக்குகிற வாசல் வழியாகக்கூட வர முடியாது. டச்சுக்காரர்களின் வம்சத்தவர் ஆண்ட தேசம் அது என்பதுதான் வேடிக்கை. சொந்த நாட்டில் ஆடுவதற்கு ஒவ்வொரு போட்டிக்கும் அனுமதி கேட்டு அதிகாரிகளிடம் அலைய வேண்டும். அலைந்து அலைந்து, சிலவற்றில் அனுமதி கிடைத்தது. ஆடலாம், ஆனால் மாளிகைக்குள் கால் வைக்கக் கூடாது. மற்ற ஆட்டக்காரர்கள் உள்ளே உடை மாற்றிக்கொள்வார்கள், குளிப்பார்கள், சாப்பிடுவார்கள். பாப்வாவுக்கு எல்லாம் வெளியே நிற்கும் காரில்தான்.

*

இப்படியாக 1963ஆம் வருஷம் ஜனவரி மாதம் வந்தது. நேட்டால் ஓப்பன் போட்டி, டர்பன் கன்ட்ரி கிளப்பில். பாப்வாவுக்கு அனுமதி கிடைத்தது. அவர் ஒருவர் இந்தியர். எதிர்த்து ஆடியவர்கள் வெள்ளையர். நான்கு சுற்றுகள். கடைசிச் சுற்று முடிந்து கணக்குப் பார்த்தபோது, மிகக் குறைந்த அடிகள் அவருடையவை.

கதை எழுதுகிறவன் என்ற முறையில் அடுத்த அரை மணி நேரத்தை நான் பல தடவை கற்பனை செய்து பார்த்திருக்கிறேன். கமிட்டியார் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருப்பார்கள். அவர்களில் எல்லாருமே கெட்டவர்கள் என்று நான் எண்ணவில்லை. ஆட அனுமதித்தவர்களும் அவர்களேதாம். ஆனால் ஆட அனுமதித்தபோது அவர் ஜயித்துவிடுவார் என்று எத்தனை பேர் எதிர்பார்த்தார்கள்? ஓர் இந்தியன் பங்கு பெறுவதற்குச் சட்டத்தில் ஒரு சந்து கண்டுபிடித்துவிட்டார்கள். அவன் வெற்றி பெறுவதற்குச் சந்து கண்டுபிடிக்க யாருக்கும் தோன்றவில்லை போலும். பரிசளிப்பு நடக்க வேண்டும். வழக்கமாக ஜயித்தவரோடு மற்றவர்கள் கூடிக் கொண்டாடுகிற இடம் மாளிகை. அங்கே இந்தியரை விருந்தாளியாக ஏற்றால் சட்டம் பிடிக்கும், லைசென்ஸ் போகும்.

வானம் அந்தச் சமயம் பார்த்து ஊற்றிற்று.

வெள்ளை ஆட்டக்காரர்கள் கூரைக்குக் கீழே உள்ளே இருந்தார்கள். போட்டியில் முதலாவதாக வந்தவர் வெளியே மழையில் நின்றார். கோப்பையை வெளியே கொண்டுவந்து அவரிடம் கொடுத்தார்கள்.

பாப்வா ஒன்றும் சொல்லவில்லை, கோபித்துக்கொள்ளவும் இல்லை. அவருக்கு அரசியல் தெரியாது. ஆட வேண்டும், அவ்வளவுதான். இதைக் குறையாகச் சொன்ன இந்தியர்களும் அங்கே உண்டு. அந்தக் கோப்பையை வீசி எறிந்திருக்க வேண்டாமா என்று கேட்டார்கள். அப்படிக் கேட்பது சுலபம். மதகுச் சுவரில் உட்கார்ந்த அன்று நான் மட்டும் என்ன செய்துவிட்டேன்? நண்பர் அனுப்பிய டீயை வாங்கிக் குடித்துவிட்டு வந்தேன். கோர்ட்டிலிருந்து எழுந்து வெளியே நடப்பதற்கு ஒரு காந்தி வேண்டும். பாலசுந்தரங்களுக்கு முதலில் உயிரோடு வீடு போய்ச் சேர வேண்டும்.

அவர் பேசாததைப் புகைப்படம் பேசிற்று. உலகத்துப் பத்திரிகைகளில் அது வெளிவந்தது. இன ஒதுக்கல் என்றால் என்ன என்று ஆயிரம் பக்கம் எழுதி விளக்கியும் புரியாதவர்களுக்கு, நனைந்த சட்டையோடு கோப்பை வாங்கும் ஒரு மனிதனைப் பார்த்ததும் புரிந்துவிட்டது. இன ஒதுக்கல் நடத்தும் தேசத்தோடு விளையாடக் கூடாது என்று டென்னிஸ் புரூட்டஸ் என்ற கவிஞரும் அவர் தோழர்களும் அப்போது போராடிக்கொண்டிருந்தார்கள். அதே 1963ல் போலீஸார் புரூட்டஸை ஜோகன்னஸ்பர்க் வீதியில் முதுகில் சுட்டார்கள், பிழைத்துக்கொண்டார். 1964 டோக்கியோ ஒலிம்பிக்கில் தென் ஆப்பிரிக்காவுக்கு இடமில்லை என்றாயிற்று. அதன் பிறகு ஒலிம்பிக் மைதானத்தில் அது கால் வைக்க 1992 ஆயிற்று. இத்தனைக்கும் அந்த ஒரு படம்தான் காரணம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அந்தப் போராட்டத்தின் கதையை எழுதுகிறவர்கள் யாரும் அந்தப் படத்தை விட்டுவிட்டு எழுதுவதில்லை.

அரசாங்கம் என்ன செய்தது? கூரையை அகலமாக்கியிருக்கலாம். அதற்குப் பதிலாக ஆட்டக்காரரை அகற்றியது. 1965ல் பாப்வா மறுபடியும் நேட்டால் ஓப்பனை ஜயித்தார். இந்தத் தடவை அவரிடம் தோற்றவர்களில் கேரி பிளேயரும் ஒருவர்! உலகத்தின் மிகச் சிறந்த நாலைந்து ஆட்டக்காரர்களில் ஒருவரைப் பை தூக்கிப் பழகியவர் ஜயித்தால் எப்படிப் பொறுப்பார்கள்? அந்த வருஷமே, வெள்ளையரும் மற்றவரும் ஒரே மைதானத்தில் கூடி வேடிக்கை பார்ப்பதைக்கூடத் தடுக்கும் உத்தரவு வந்தது. சிறிது காலத்தில் பாப்வாவை நாட்டின் பெரிய போட்டிகளிலிருந்து அடியோடு விலக்கிவிட்டார்கள். வெளிநாட்டுக்குப் போய் ஆடலாம் என்றால் பாஸ்போர்ட்டும் பறிபோயிற்று. முப்பத்தைந்து வயதை ஒட்டியிருக்கும். ஒரு கோல்ப் ஆட்டக்காரனுடைய கை நன்றாகப் பழுத்திருக்கிற வயது.

கேரி பிளேயரைப் பற்றியும் ஒரு வார்த்தை. 1966ல் அவர் எழுதிய புஸ்தகத்தில் இன ஒதுக்கல் ஆட்சியை ஆதரித்து எழுதினார். பிற்காலத்தில், தாம் எண்ணியது பிழை என்று வெளிப்படையாகவே சொல்லித் திரும்பிக்கொண்டார். திரும்பிக்கொண்டது நல்லதுதான். அவர் திரும்புவதற்கு ஆயுள் இருந்தது. தொண்ணூறு வயதை எட்டிய மனிதர்.

பாப்வாவுக்கு அது இல்லை. 1978ல், ஐம்பது வயதை எட்டும் முன்பே, மாரடைப்பில் இறந்தார். கையில் காசு இல்லை. மூன்று டச்சுப் பட்டமும் இரண்டு நேட்டால் பட்டமும் வாங்கியவர் வீட்டில் வறுமைதான் இருந்தது. இறந்த பிறகு மரியாதைகள் வந்தன. டர்பனில் உம்கேனி நதிக் கரையில் உள்ள நகரசபை கோல்ப் மைதானத்துக்கு அவர் பெயர். மண்டேலாவின் காலம் வந்து, அதற்கும் பின்னால், நாட்டின் உயர்ந்த விருதுகளில் ஒன்றான இகமாங்கா விருது. அவரைப் பற்றி வெள்ளைக்கார நீதிபதி ஒருவரே ஆராய்ந்து ஒரு புஸ்தகம் எழுதினார். நம் ஊர் வழக்கம்தான். இருக்கும்போது குடிக்கக் கஞ்சி இல்லை, போனபின் தலைவாழை இலையில் படையல். இந்த ஒரு விஷயத்தில் எல்லாத் தேசங்களும் ஒரே ஜாதி.

*

கிளப் என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். நன்றாக இருக்கிறது. அதன் கதவு யாருடைய நிறத்தையும் பார்த்து மூடிக்கொள்வதில்லை. பக்கத்திலே 2010 உலகக் கால்பந்துப் போட்டிக்காகக் கட்டிய பிரம்மாண்டமான மோசஸ் மபிடா மைதானம் எழும்பியிருக்கிறது. பாப்வா பை தூக்கிய பீச்வுட் மைதானம் இருக்கிறதே, அதுவும் பிற்காலத்தில் டர்பன் கன்ட்ரி கிளப்போடு சேர்ந்துவிட்டது. அவர் சுமந்த இடமும் அவர் நனைந்த இடமும் இன்று ஒரே கிளப்பின் இரண்டு மைதானங்கள்.

2025ஆம் வருஷம் மார்ச் மாதம் தென் ஆப்பிரிக்க ஓப்பன் போட்டி மறுபடியும் அங்கே நடந்தது. காந்தி வந்து இறங்கிய அதே 1893லிருந்து தன் வயதைக் கணக்கிட்டுக்கொள்ளும் போட்டி அது. நாலு சுற்று நடந்திருக்க வேண்டும். மழை விடவில்லை. மணல் மேட்டைத் தேடிக்கொண்டு போய்க் கட்டிய கிளப்பையும் மழை தேடிக்கொண்டு வந்துவிட்டது. மூன்று சுற்றோடு நிறுத்த வேண்டியதாயிற்று. நிறுத்திப் பார்த்தால் இருவர் சமம். ஒருவர் லாரி கேன்டர் என்ற இங்கிலாந்துக்காரர். மற்றவர் தென் ஆப்பிரிக்க இந்திய வாலிபர். பெயர் டிலன் நாயுடு.

நாயுடு! பத்திரிகையில் அந்தப் பெயரைப் பார்த்ததும் நான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். எந்தத் தாத்தாவின் தாத்தா எந்தக் கப்பலில் போனாரோ! சென்னைத் துறைமுகத்தில் கையெழுத்துக்குப் பதில் கட்டை விரல் வைத்துவிட்டு ஏறினவர்களின் பட்டியலில் நாயுடுக்களுக்குக் குறைவில்லை.

சமமாக நின்றால் ஒரு குழி கூட ஆட வேண்டும். ஆடினார்கள். முதல் குழியிலேயே நாயுடு முடித்துவிட்டார். வெள்ளையரல்லாத தென் ஆப்பிரிக்கர் ஒருவர் அந்தப் போட்டியை வெல்வது அதுவே முதல் தடவை.

செய்தியைப் படித்துவிட்டு மலை ஊர் நண்பருக்கு டெலிபோன் செய்தேன். அவருக்கு முன்பே தெரிந்திருந்தது. கோல்ப் பைத்தியம் அல்லவா? எந்தக் கோலால் அடித்தார், பந்து எங்கே போய் நின்றது என்றெல்லாம் கால் மணி நேரம் விவரித்தார். பாப்வாவின் கதையை நான் சொன்னேன். அது அவருக்குத் தெரியாது. கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "அந்தக் காவல்காரர் போன மாதம் வேலையை விட்டுவிட்டார், ஸார். வயதாகிவிட்டது. அடிக்கடி உங்களை விசாரிப்பார்" என்றார்.

அடுத்த தடவை போகும்போது அவர் வீட்டை விசாரித்துக்கொண்டு போக வேண்டும் என்று இருக்கிறேன்.